சைலன்சர் டிப்: கண்ணுக்கு எவ்வளவு, காதுக்கு எவ்வளவு?

முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். காரின் புகைக்குழாய் முனையில் மாட்டும் ஸ்டெயின்லெஸ் டிப் அழகுக்கு அருமையான பொருள். அளவும் தடிமனும் சரியாக அமைந்தால் தாராளமாக வாங்கலாம். சத்தத்துக்காக வாங்குவதென்றால் வேண்டாம். பெட்டியின் மேல் 'ஸ்போர்ட்ஸ் சவுண்ட்' என்று எவ்வளவு பெரிதாக அச்சடித்திருந்தாலும், காரின் சத்தம் முடிவாகும் இடம் அது இல்லை.

என் கார் 1.2 லிட்டர், நான்கு சிலிண்டர் பெட்ரோல் ஹேட்ச்பேக். டர்போ கிடையாது. கம்பெனி கொடுத்த குழாய் பம்பருக்கு அடியில் ஒளிந்துகொண்டு, கடைசியில் கீழ்நோக்கி வளைந்து முடிகிறது. பின்னாலிருந்து பார்த்தால் குழாயே கண்ணில் படாது. சின்னக் கார்கள் பலவற்றிலும் இதுதான் நிலைமை, அதனால் டிப் வாங்க நினைப்பவர்கள் முதலில் கீழே குனிந்து தங்கள் குழாய் எப்படி முடிகிறது என்று பார்த்துவிடுவது நல்லது. வளைந்த முனையில் நேர் டிப்பை மாட்டினால் அது தரையைப் பார்த்துக்கொண்டு தொங்கும். கழுத்து வளைந்த டிப் தனியாகக் கிடைக்கிறது. நான் வாங்கியது அந்த வகை.

பொருளின் விவரம்: 304 ரக ஸ்டெயின்லெஸ் ஸ்டீல், இரட்டைச் சுவர், உள்பக்கமாகச் சுருட்டிய விளிம்பு, மேல்பக்கம் சற்று நீண்டு கீழ்பக்கம் குறையும் சாய்வு வெட்டு. நீளம் 18 செ.மீ. குழாயில் நுழையும் பக்கத்தின் உள்விட்டம் 51 மி.மீ., வெளிவாய் 89 மி.மீ. கழுத்தில் நான்கு பிளவுகள், அவற்றின் மேல் இறுக்க ஒரு கிளாம்ப். என் குழாயின் வெளிவிட்டம் வெர்னியர் காலிப்பரில் 48 மி.மீ. காட்டியது, ஆகவே மூன்று மி.மீ. இடைவெளியைக் கிளாம்ப் சுலபமாக மூடிவிட்டது. டிப்பில் எந்தப் பெயரும் லோகோவும் பொறிக்கவில்லை. எனக்கு அதில் மிகவும் பிடித்தது அதுதான்.

304 என்று முத்திரை குத்துவது யாருக்கும் எளிது, அதனால் ஒரு காந்தத்தை எடுத்துக்கொண்டேன். 304 ரகத்தில் சுமார் 18 சதவீதம் குரோமியமும் 8 சதவீதம் நிக்கலும் இருக்கும், காந்தம் பொதுவாக ஒட்டாது. வளைத்த இடங்களில் மட்டும் லேசாக இழுக்கலாம், அது குறையல்ல. கம்பெனி சைலன்சர்களில் அதிகம் வரும் 409 ரகத்தில் குரோமியம் 11 சதவீதம் அளவுதான், அதில் காந்தம் பிடித்துக்கொள்ளும். குரோம் பூசிய சாதா இரும்பிலும் பிடிக்கும். இந்தச் சோதனையில் என் டிப் நேர்மையாகத் தேறியது. விலை மலிவான ஒற்றைச் சுவர் டிப் ஒன்றையும் ஒப்பிட்டுப் பார்க்க வாங்கியிருந்தேன். அதில் காந்தம் 'டக்' என்று ஒட்டியது. ஒரு மழைக்காலம் முடிவதற்குள் அதன் உள்விளிம்பில் பழுப்புப் புள்ளிகள் கிளம்பிவிட்டன. குரோம் பூச்சு வெளியே கண்ணாடி போல இருக்க, துரு உள்ளே இருந்து வேலையை ஆரம்பிக்கிறது.

குழாய் முனைக்கு ஈரம் எங்கிருந்து வருகிறது என்று கேட்டால், மழையிலிருந்து வருவது குறைவு. ஒரு லிட்டர் பெட்ரோல் எரிந்தால் ஏறக்குறைய ஒரு லிட்டர் தண்ணீர் உருவாகிறது. என்ஜினும் குழாயும் சூடேறிய பிறகு அது ஆவியாகப் போய்விடும். காலையில் ஸ்டார்ட் செய்ததும், குறைந்த தூரம் ஓட்டி நிறுத்தும்போதும் அது குளிர்ந்து குழாய்க்குள்ளேயே தங்கும். பக்கத்துத் தெரு வரை மட்டும் போய் வருகிற காருக்குத்தான் நல்ல உலோகம் அதிகம் தேவை. நெடுஞ்சாலையிலேயே ஓடுகிற காருக்குக் கொஞ்சம் குறைந்த ரகமும் தாங்கும்.

இனி சத்தம்.

நின்றிருக்கும் காரின் சத்தத்தை அளக்க ஐஎஸ்ஓ 5130 என்ற முறை இருக்கிறது. குழாய் வாயிலிருந்து அரை மீட்டர் தள்ளி, வாயின் உயரத்திலேயே, புகை வெளிவரும் திசைக்கு 45 டிகிரி கோணத்தில் மைக்கை வைக்க வேண்டும். கையடக்க ஒலிமானி ஒன்றை ஸ்டாண்டில் அப்படிப் பொருத்தி, என்ஜினை 3750 ஆர்பிஎம்மில் (நிமிடத்துக்கு 3750 சுற்று) நிலையாக வைத்து, டிப்போடும் டிப் இல்லாமலும் அளந்தேன். வித்தியாசம் ஒரு டெசிபலுக்குள் அடங்கிவிட்டது. டிப்பைத் தொடாமலே அடுத்தடுத்து அளந்தாலும் ஒலிமானி அந்த அளவுக்கு முன்பின் காட்டுகிறது. இதற்கு போன் ஆப்பை நம்பாதீர்கள். பேச்சுக் குரலைப் பிடிப்பதற்காகச் செய்யப்பட்ட மைக் அது. குழாயின் அடிக்குரலைச் சரியாகப் பதிவுசெய்யாது, சத்தம் கூடினால் தானாகவே அமுக்கியும் விடும்.

எண்களை விடக் காதையே நம்புகிறவர்களுக்காக இன்னொன்றும் செய்து பார்த்தோம். நான் காருக்கு முதுகைக் காட்டி நின்றுகொண்டேன். என் தம்பி டிப்பைச் செருகியும் கழற்றியும் மாற்றி மாற்றி ஆக்ஸிலரேட்டரை மிதித்தான். "அண்ணா, இப்ப இருக்கா, இல்லையா?" என்று ஒவ்வொரு முறையும் கேட்டான். இரட்டைச் சுவர் டிப்பை என்னால் கண்டுபிடிக்கவே முடியவில்லை. மலிவான ஒற்றைச் சுவர் டிப்பை மட்டும் பெரும்பாலும் கண்டுபிடித்தேன். அதில் ஒரு தகர அதிர்வு, மெல்லிய 'சிர்' என்ற ஓசை கூடவே வந்தது. திரும்பி நின்று பளபளக்கும் பெரிய வாயைப் பார்த்தபடி கேட்டபோதோ, இரண்டு டிப்பிலும் சத்தம் கனத்துவிட்ட மாதிரியே இருந்தது. கண் அவ்வளவு தூரம் காதை இழுத்துப்போகிறது. டிப் மாட்டியதும் கார் உறுமுவதாக வாங்கியவர்கள் எழுதுவதில் பொய் இல்லை, அவர்களுக்கு அப்படித்தான் கேட்கிறது.

காரணம் நீளத்தில் இருக்கிறது. நான்கு ஸ்ட்ரோக் என்ஜினில் ஒவ்வொரு சிலிண்டரும் இரண்டு சுற்றுக்கு ஒருமுறை எரியும். நான்கு சிலிண்டர் என்றால் ஒரு சுற்றுக்கு இரண்டு வெடிப்பு. 3750 ஆர்பிஎம்மில் வினாடிக்கு 125 வெடிப்பு, அதாவது 125 ஹெர்ட்ஸ். நாம் 'உறுமல்' என்று சொல்வதன் அடிக்குரல் இந்தப் பகுதியில்தான் இருக்கிறது. சாதாரணக் காற்றில் அந்த ஒலியலையின் நீளம் இரண்டே முக்கால் மீட்டர். குழாய்க்குள் வாயு சூடாக இருப்பதால் அது இன்னும் நீளும். அவ்வளவு பெரிய அலையை 18 செ.மீ. துண்டு ஒன்றும் செய்ய முடியாது. ஏறத்தாழ 500 ஹெர்ட்ஸுக்கு மேலே உள்ள கரகரப்பில்தான் அந்த நீளம் லேசாகக் கைவைக்கும். ஒற்றைச் சுவரில் கேட்ட 'சிர்' வேறு விஷயம். தகடே அதிர்ந்து பாடுகிறது. வாங்கும்போது விரல் முட்டியால் தட்டிப் பாருங்கள். நீளமாக 'டிங்' என்று ஒலித்தால் அதே ஒலி ஓடும்போதும் கேட்கும். 'டொக்' என்று உடனே அடங்கினால் நல்லது.

சிலிண்டர் எண்ணிக்கை மாறினால் குரலும் மாறும். அதே 3750 ஆர்பிஎம்மில் மூன்று சிலிண்டர் என்ஜின் 94 ஹெர்ட்ஸுக்குச் சற்றுக் கீழே பேசும், ஆறு சிலிண்டர் 187-க்கு மேலே போகும். எந்த டிப்பும் மூன்றை ஆறாக்காது.

சத்தம் உண்மையிலேயே மாற வேண்டுமானால் டிப்புக்கு முன்னால் இருக்கும், சத்தத்தை அடக்கும் டப்பாவான மஃப்ளரில் கைவைக்க வேண்டும், அல்லது அதற்கும் முன்னால் உள்ள, குறிப்பிட்ட சுருதிகளை அடக்கும் ரெசனேட்டரில். என் காரைப் போன்ற அதே என்ஜின் உள்ள நண்பனின் காரில் கம்பெனி மஃப்ளரைக் கழற்றிவிட்டு நேர்வழி மஃப்ளர் போட்டான். கம்பெனி மஃப்ளருக்குள் அறை அறையாகத் தடுத்து, அலைகளைத் திருப்பி மோதவிட்டு ஒன்றையொன்று அழிக்கச் செய்வார்கள். நேர்வழி மஃப்ளரில் நடுவே துளைகளிட்ட குழாய் ஒன்று நேராகப் போகும், அதைச் சுற்றிக் கண்ணாடி நார் அல்லது பசால்ட் நார் அடைத்திருக்கும். நார் உயர்ந்த கரகரப்பை உறிஞ்சிவிடுகிறது, அடிக்குரலை அதிகம் தொடுவதில்லை. அதனால்தான் அந்தச் சத்தத்துக்கு அப்படியொரு ஆழம். வெளியே நின்று கேட்டேன், மனசு நிறைந்தது. ஐடிலில் மென்மையான முணுமுணுப்பு, 4000-ஐத் தாண்டும்போது தொண்டை திறந்த குரல். அதை மறுக்க மாட்டேன்.

உள்ளே உட்கார்ந்து நெடுஞ்சாலைக்குப் போனபோது கதை மாறியது. டாப் கியரில் 2200-க்கும் 2300-க்கும் இடையில் ஒரு 'ஊம்ம்' வந்து கேபின் முழுவதையும் பிடித்துக்கொண்டது. பேச்சு நின்றது, பாட்டு அமுங்கியது, பின்சீட்டில் இருந்தவருக்குத் தலைவலி. "ஸ்பீடை மாத்துடா, காதுக்குள்ள ஏதோ அடைக்குது" என்று நானே கேட்டுக்கொண்டேன். 2250 ஆர்பிஎம்மில் நான்கு சிலிண்டர் தரும் அதிர்வெண் 75 ஹெர்ட்ஸ். சின்னக் காரின் கேபின் நீளம் சுமார் 2.3 மீட்டர் என்று வைத்துக்கொண்டால், அந்த நீளத்துக்குள் சரியாக அரை அலை அடங்கும் அதிர்வெண்ணும் அதேதான். குழாய் ஒரு சுருதியைக் கொடுக்க, கேபின் அதையே வாங்கிப் பெரிதாக்குகிறது. மணிக்கணக்கில் இதே வேகத்தில்தான் ஓட்டப்போகிறோம் என்பதுதான் கொடுமை. மஃப்ளர் வாங்கப்போகிறவர்கள் பார்க்கிங்கில் ரேஸ் செய்து காட்டும் வீடியோக்களைப் பார்த்து முடிவெடுக்க வேண்டாம். அதே மாடல் காரின் உள்ளே, டாப் கியரில், நிதான வேகத்தில் பதிவுசெய்ததைத் தேடிப் பிடியுங்கள். கிடைக்காவிட்டால் அந்தக் கார் வைத்திருப்பவரைக் கெஞ்சியாவது ஒருமுறை உட்கார்ந்து போய்ப் பாருங்கள்.

இந்த 'ஊம்ம்'முக்கு மருந்து உண்டு. குழாயின் பக்கவாட்டில் ஒரு முனை மூடிய கிளைக் குழாயை வெல்ட் செய்தால், அதன் நீளத்துக்கேற்ற ஒரே சுருதியை அது விழுங்கிவிடும். ஆனால் 75 ஹெர்ட்ஸை விழுங்க, சூடான வாயுவில் ஏறக்குறைய ஒன்றரை மீட்டர் கிளை வேண்டும். சின்னக் காரின் அடியில் அதற்கு இடம் எங்கே? இன்னொரு வழி ஹெல்ம்ஹோல்ட்ஸ் அறை. 19-ஆம் நூற்றாண்டு ஜெர்மன் விஞ்ஞானி ஹெர்மன் ஃபோன் ஹெல்ம்ஹோல்ட்ஸின் பெயர் அதற்கு. காலி பாட்டிலின் வாயில் ஊதினால் ஒரு சுருதி எழும்புகிறதல்லவா, அதே தத்துவத்தில் ஒரு டப்பாவும் சிறு கழுத்தும் சேர்ந்து ஒரு சுருதியைப் பிடித்து அடக்கும். இடமும் குறைவாகவே பிடிக்கும். நண்பன் கடைசியில் அப்படி ஒரு அறையுள்ள ரெசனேட்டரைச் சேர்த்தான். உறுமல் பாதி போனது, தலைவலி முழுதாகப் போனது. என்னைக் கேட்டால் லாபமான பேரம்.

ரெசனேட்டரைக் கழற்றிவிட்டு நேர்க்குழாய் போடும் 'டிலீட்' வேலையை நான் யாருக்கும் சொல்ல மாட்டேன். செலவு குறைவு என்பது ஒன்றுதான் அதன் தகுதி. வருகிற சத்தம் கனமாக இருக்காது, பிளந்த மூங்கிலைத் தரையில் இழுப்பது போல வறட்டுக் கரகரப்பாக இருக்கும்.

விசில் துண்டுகளையும் பார்த்துவிட்டேன். குழாய்க்குள் செருகி, ஒரு போல்ட்டால் நிறுத்தும் சின்ன அலுமினியக் குழல். 'டர்போ சத்தம்' என்று விற்கிறார்கள். உண்மையான டர்போவின் விசில் நிமிடத்துக்கு ஒரு லட்சம் சுற்றுக்கும் மேல் சுழலும் கம்ப்ரசர் சக்கரத்திலிருந்து, காற்று உள்ளே நுழையும் பக்கத்தில் பிறப்பது. இது புகை வெளியேறும் வேகத்துக்கு ஏற்பக் கீச்சிடுவது மட்டும்தான். ஆக்ஸிலரேட்டரில் கால் இருக்கும்வரை கீச்சிடும், விட்டால் நிற்கும், ஒரு சாயலும் டர்போவுக்குக் கிடையாது. பிடித்திருக்கும் ஒற்றை போல்ட் தளர்ந்தால் குழாயின் வாய்க்குள்ளேயே குறுக்காக விழுந்து கிடக்கும். வாங்காதீர்கள். பம்பரில் இரட்டைப் பக்க டேப்பால் ஒட்டும் பிளாஸ்டிக் வாய்களைப் பற்றியும் சொல்ல அதிகமில்லை. தள்ளி நின்று பார்த்தால் கம்பீரம், கிட்டே வந்தால் உள்ளே கருப்புப் பிளாஸ்டிக்.

அழகு விஷயத்தில் எனக்குக் கொஞ்சம் பிடிவாதம் உண்டு. டிப்பின் பளபளப்பை விட அதன் அளவும் இருக்கும் இடமும்தான் காரை மாற்றுகின்றன. சின்ன ஹேட்ச்பேக்குக்கு 89 மி.மீ. வாய் போதும். 100 மி.மீட்டரைத் தாண்டினால் காரை விடக் குழாய் முந்திக்கொண்டு நிற்கிறது. சாய்வு வெட்டின் கோணம் பம்பரின் கீழ்விளிம்புச் சரிவோடு ஒத்துப்போக வேண்டும். சுருட்டிய விளிம்பு ஒரு தடிமனைக் காட்டும், அந்தத் தடிமன்தான் பார்ப்பவர் மனதில் 'கனமான பொருள்' என்று பதிகிறது. தகட்டை வெட்டியபடியே விட்ட மெல்லிய விளிம்பு எவ்வளவு பளபளத்தாலும் மலிவாகத் தெரியும், கழுவும்போது கையையும் கிழிக்கும். என் டிப்பின் சுருட்டல் சீராக, வெல்டிங் தடம் உள்ளே மறைந்து இருக்கிறது. மாலை வெயிலில் அந்த வளைவில் விழும் ஒளியைப் பார்க்கப் பார்க்க அலுக்கவில்லை.

நீலம் பாய்ந்த 'பர்ன்ட்' டிப் பலருக்கும் ஆசை. ஸ்டெயின்லெஸ்ஸைச் சூடாக்கும்போது மேற்பரப்பில் மிக மெல்லிய ஆக்சைடு படலம் உருவாகும். படலத்தின் தடிமனைப் பொறுத்து ஒளி குறுக்கிட்டு நிறம் காட்டும். 300 டிகிரி செல்சியஸை ஒட்டி வைக்கோல் மஞ்சள், பிறகு பழுப்பு, ஊதா, 500 டிகிரியைத் தாண்டிய பிறகு நீலம். சாதாரணக் காரின் வால் முனை அவ்வளவு சூடாவதில்லை. ஆகவே கடையில் பார்க்கும் நீலம் முன்கூட்டியே தீ காட்டியோ பூச்சுப் பூசியோ கொண்டுவந்தது, ஓட்ட ஓட்ட அது வளராது. மெட்டல் பாலிஷ் போட்டுத் தேய்த்தால் படலம் போய்விடும், நீலமும் போய்விடும். சோப்புத் தண்ணீரும் மென்மையான துணியும் தவிர வேறெதுவும் அதன் மேல் படக்கூடாது. கார்பன் ஃபைபர் உறை போட்டவையும் அழகுதான். உள்குழாய்க்கும் உறைக்கும் இடையே காற்று போக இடைவெளி விட்டிருக்கிறார்களா என்று பாருங்கள். இல்லாவிட்டால் சூட்டில் பிசின் நிறம் மாறும். வெயிலில் மங்காத மேல்பூச்சும் வேண்டும்.

பளபளப்பைக் காப்பாற்றுவது சுலபம். பெட்ரோல் நேரடி இன்ஜெக்ஷன் என்ஜின்கள் கரியை அதிகம் துப்பும். அந்தக் கார்களில் டிப்பின் உள்வாய் சீக்கிரமே கருக்கும். நான்கு சுழி (0000) எண்ணுள்ள மிக நுண்ணிய ஸ்டீல் உல்லால் (இரும்பு நார்) உள்பக்கத்தை மட்டும் தேய்த்தால் போய்விடும். குரோம் பூச்சில் அதைப் பயன்படுத்த வேண்டாம், கீறல் விழும்.

மாட்டும்போது மூன்று விஷயங்களைக் கண்டிப்பாகக் கவனியுங்கள். குழாய் ரப்பர் ஹேங்கரில் தொங்குகிறது, கியர் மாற்றும்போதும் மேடு பள்ளத்திலும் ஆடும். டிப்புக்கும் பம்பருக்கும் இடையே சுற்றிலும் 15 மி.மீ. அளவாவது விடுங்கள், இல்லாவிட்டால் பிளாஸ்டிக் உருகும். இரண்டாவது, டிப்பின் வாய் பம்பர் விளிம்புக்குச் சற்று வெளியே வந்திருக்க வேண்டும். ஓடும் காரின் பின்னால் காற்றழுத்தம் குறையும், வெளியேறிய புகை அங்கேயே சுழன்று டிக்கிக் கதவின் இடுக்கு வழியே உள்ளே வரலாம். கார்பன் மோனாக்சைடுக்கு மணமோ நிறமோ இல்லை. மூன்றாவது, வெளியே நீட்டியிருப்பதால் சாமான் இறக்க வருபவர்களின் கால் படும் இடத்துக்கு அது வந்துவிடுகிறது. இரட்டைச் சுவரில் வெளிச்சுவர் சூடு சற்றுக் குறைவு, அதற்காகத் தொட்டுப் பார்க்க வேண்டாம். வீட்டில் குழந்தைகள் இருந்தால் ஓட்டி வந்த உடனே டிக்கிப் பக்கம் விடாதீர்கள்.

சட்டத்தைப் பொறுத்தவரை டிப் மட்டும் மாட்டுவதும் மஃப்ளரை மாற்றுவதும் வேறு வேறு. புதிய கார்களின் சத்தத்துக்கான ஐ.நா. 51-ஆம் ஒழுங்குமுறையின் இப்போதைய படிநிலை சாதாரணப் பயணிகள் காருக்கு 68 டெசிபல் வரம்பு வைக்கிறது. அந்த முறையில் கார் மைக்கைக் கடந்து ஓடும்போது, 7.5 மீட்டர் தள்ளி அளப்பார்கள். 10 டெசிபல் ஏறினால் காதுக்குச் சத்தம் ஏறக்குறைய இரு மடங்காகத் தோன்றும் என்பதை நினைத்துப் பார்த்தால், மஃப்ளரை மாற்றுவது அக்கம்பக்கத்தாரின் உறக்கத்தையும் தொடும் முடிவு என்று புரியும். மாற்று மஃப்ளர்களுக்கென்றே 59-ஆம் ஒழுங்குமுறை இருக்கிறது. அதன்படி தேறியவற்றின் உடலில் வட்டத்துக்குள் ஆங்கில 'ஈ' எழுத்தும் ஒரு நாட்டு எண்ணும் பொறித்திருக்கும். அந்த முத்திரை இல்லாத மஃப்ளரை நான் கையில்கூட எடுக்க மாட்டேன்.

நான் வாங்கிய டிப்பில் ஒரு குறை சொல்லியே ஆக வேண்டும். உடல் முழுக்க 304 போட்டவர்கள், கிளாம்ப் போல்ட்டைச் சாதா இரும்பில் கொடுத்துவிட்டார்கள். மழை பட்டதும் அது செம்பழுப்பாகிவிட்டது. அதே அளவில் ஸ்டெயின்லெஸ் போல்ட்டும் நட்டும் வாங்கி மாற்றினேன். ஸ்டெயின்லெஸ்ஸோடு ஸ்டெயின்லெஸ்ஸை இறுக்கும்போது மரைகள் ஒன்றோடொன்று கடித்து இறுகிப்போகும், ஆகவே காப்பர் கிரீஸ் தடவித்தான் மாட்ட வேண்டும். சூடேறிக் குளிரும்போது கிளாம்ப் கொஞ்சம் தளரும். மாட்டிய முதல் நீண்ட பயணம் முடிந்து, குழாய் நன்றாக ஆறிய பிறகு ஒரு ஸ்பேனரை எடுத்து மறுபடி இறுக்கிவிடுங்கள்.